போலந்தில் இன்று யூதராக வாழ்வது: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

வேலை நிமித்தம் போலந்துத் தலைநகர் வார்சாவில் சில வருடங்கள் இருந்தேன். ஊருக்கு வரும்போதெல்லாம், ஹிட்லரின் நாஜிகள் யூதர்களைக் கொன்று குவித்த ஆஷ்விட்ஸ் முகாமைப் போய்ப் பார்த்தாயா என்று யாராவது கேட்பார்கள். பார்த்தேன் என்பேன். அப்புறம் அங்கே இப்போது வாழும் யூதர்களைப் பற்றிச் சொல்ல ஆரம்பித்தால், "இன்னும் இருக்கிறார்களா?" என்று வியப்போடு கேட்பார்கள். அப்படிக் கேட்டவர்களுக்கு அவ்வப்போது சொன்ன பதில்களைத்தான் இங்கே சேர்த்து எழுதியிருக்கிறேன்.

போலந்தில் இன்னும் யூதர்கள் இருக்கிறார்களா?

இருக்கிறார்கள். 2011 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் தங்களை யூத இனத்தவர் என்று பதிவு செய்தவர்கள் சுமார் 7,500 பேர். 2021ல் அது சுமார் 17,000. பத்து வருடத்தில் இத்தனை குழந்தைகள் பிறந்துவிடவில்லை. முன்பு அந்தக் கட்டத்தை நிரப்பாமல் விட்டவர்கள் இப்போது நிரப்புகிறார்கள், அதனால்தான் இந்த ஏற்றம்.

இரண்டாம் உலகப் போருக்கு முன் இருந்ததோடு ஒப்பிட்டால் இது மிகச் சிறிய எண். அன்று சுமார் 33 லட்சம் யூதர்கள் இருந்தார்கள், நாட்டின் மக்கள்தொகையில் பத்தில் ஒரு பங்கு. வார்சா நகரத்தில் பத்துப் பேரில் மூன்று பேர் யூதர். அவர்களில் ஏறக்குறைய 30 லட்சம் பேரை நாஜிகளும் அவர்களுக்குத் துணைபோனவர்களும் கொன்றார்கள்.

தப்பிப் பிழைத்தவர்கள் எல்லாம் எங்கே போனார்கள்?

பெரும்பாலோர் நாட்டைவிட்டே போய்விட்டார்கள். ஒரே தடவையில் இல்லை, அலை அலையாக.

முகாம்களிலிருந்தும் ஒளிவிடங்களிலிருந்தும் சோவியத் நாட்டிலிருந்தும் திரும்பி வந்தவர்கள், தங்கள் வீட்டில் வேறு யாரோ குடியிருப்பதைப் பார்த்தார்கள். 1946 ஜூலை 4 அன்று கியெல்ட்ஸெ என்ற ஊரில் ஒரு புரளி கிளம்பியது: ஒரு சிறுவனை யூதர்கள் கடத்திவிட்டார்கள் என்று. கூட்டம் திரண்டது, போலீசாரும் சிப்பாய்களும் கூடச் சேர்ந்துகொண்டார்கள், 42 யூதர்கள் கொல்லப்பட்டார்கள். போர் முடிந்து ஒரு வருடம் தாண்டிய பிறகு நடந்தது இது. இனி இங்கே இருக்க முடியாது என்று அடுத்த சில மாதங்களில் பல்லாயிரம் பேர் கிளம்பினார்கள். 1950களின் பிற்பாதியில் இன்னொரு பெரிய அலை.

கடைசி அடி 1968 மார்ச்சில் விழுந்தது. மாணவர் போராட்டம் வெடித்தபோது, கம்யூனிஸ்ட் கட்சித் தலைவர் கோமூல்காவின் அரசு பழியை "சியோனிஸ்டுகள்" மேல் போட்டது. அந்தச் சொல்லுக்கு யூதர்கள் என்பதுதான் அர்த்தம் என்று எல்லோருக்கும் புரிந்தது. பேராசிரியர்கள், மருத்துவர்கள், ராணுவ அதிகாரிகள், பத்திரிகையாளர்கள் வேலையிழந்தார்கள். 1971க்குள் ஏறக்குறைய 13,000 பேர் வெளியேறினார்கள். கையில் பாஸ்போர்ட் கிடையாது. ஒரு பயணப் பத்திரம் கொடுத்தார்கள். அதை வைத்திருப்பவர் போலந்துக் குடிமகன் இல்லை என்று அதிலேயே எழுதியிருந்தது.

வார்சாவின் க்டான்ஸ்கா ரயில் நிலையத்திலிருந்துதான் நிறையப் பேர் ரயில் ஏறினார்கள். அங்கே இன்று ஒரு நினைவுப் பலகை இருக்கிறது. தங்களிடம் இருந்ததைவிட அதிகமாக இங்கே விட்டுச் சென்றார்கள் என்ற பொருளில் ஒரு வரி அதில் உண்டு. தினம் வேலைக்குப் போகிறவர்கள் அதைத் தாண்டித்தான் போகிறார்கள்.

கம்யூனிச ஆட்சியில் யூத மதம் தடைசெய்யப்பட்டிருந்ததா?

சட்டப்படி தடை இல்லை. அரசு மேற்பார்வையில் ஒரு கலாசார சங்கமும், கிழக்கு ஐரோப்பிய யூதர்கள் பேசிய யிடிஷ் மொழியில் ஒரு பத்திரிகையும் நாடகக் கம்பெனியும் இருந்தன. ஆனால் 1968க்குப் பிறகு யூதர்கள் வழிபடும் ஜெப ஆலயங்களுக்கு வந்துகொண்டிருந்தவர்கள் பெரும்பாலும் முதியவர்கள். 1980களில் போலந்தில் ஒரு ரபிகூட, அதாவது யூத மதகுருகூட, நிரந்தரமாக இல்லாத காலமும் இருந்தது. வீடுகளிலோ, அதைப் பற்றிப் பேசுவதே கிடையாது.

தான் யூதர் என்பதே ஒருவருக்குத் தெரியாமல் போகுமா?

நானும் முதலில் நம்பவில்லை. ஆனால் அங்கே இது அரிதான கதை இல்லை.

போரின்போது போலிக் கத்தோலிக்கப் பெயரில் பிழைத்தவர்கள் பலர், போர் முடிந்த பிறகும் அந்தப் பெயரையே வைத்துக்கொண்டார்கள். குழந்தைகளை ஞாயிற்றுக்கிழமை சர்ச்சுக்கு அனுப்பினார்கள். 1946லும் 1968லும் நடந்ததைப் பார்த்தபின், வாயைத் திறக்காமல் இருப்பதே நல்லது என்று முடிவு செய்தார்கள். பேரப்பிள்ளைக்கு அது தெரியவந்தது பாட்டியின் கடைசி நாட்களில், அல்லது பரணிலிருந்து எடுத்த ஒரு பழைய பத்திரத்தில்.

எல்லோருக்கும் தெரிந்த ஓர் உதாரணம் சொல்கிறேன். ரோமுவால்ட் வாஷ்கினெல் ஒரு கத்தோலிக்கப் பாதிரியார், லூப்ளின் கத்தோலிக்கப் பல்கலைக்கழகத்தில் தத்துவம் கற்பித்தவர். 1966ல் குருப்பட்டம் பெற்றார். 1978ல், வயதான அம்மா அவரிடம் உண்மையைச் சொன்னார்: நான் உன்னைப் பெற்றவள் இல்லை, உன்னைப் பெற்றவள் ஒரு யூதப் பெண், நாஜிகள் யூதர்களை அடைத்து வைத்த கெட்டோவில் இருந்தவள். கைக்குழந்தையை ஏற்கத் தயங்கிய போலந்துப் பெண்ணிடம் அந்தத் தாய் சொன்னாளாம்: "நீங்கள் ஒரு யூதரைத்தானே கும்பிடுகிறீர்கள்? இந்த யூதக் குழந்தையைக் காப்பாற்றுங்கள். வளர்ந்து ஒருநாள் பாதிரியாராகக்கூட ஆவான்." பெற்றோரின் குடும்பப்பெயர் வெக்ஸ்லர் என்று கண்டுபிடிக்க அவருக்கு மேலும் 14 வருடங்கள் ஆயின. அந்தப் பெயரைத் தன் பெயரோடு சேர்த்துக்கொண்டார், 2009ல் இஸ்ரேலுக்குக் குடிபோனார். வளர்த்த அம்மாவையும் பெற்ற அம்மாவையும், இருவரையும் விட்டுக்கொடுக்காமல் வாழ முயன்ற மனிதர். அவரைப் பற்றி நினைக்கும்போதெல்லாம் எனக்கு மனசு கனத்துப்போகும்.

தெரிந்த பிறகு என்ன செய்வார்கள்?

பலர் ஒன்றும் செய்வதில்லை. ஒரு தகவலாகத் தெரிந்துகொண்டு, பழைய வாழ்க்கையைத் தொடர்கிறார்கள். அவர்களைக் குறை சொல்ல ஒன்றும் இல்லை.

தேடத் துவங்குகிறவர்கள் பெரும்பாலும் வார்சாவிலுள்ள யூத வரலாற்று நிறுவனத்துக்குப் போகிறார்கள். வார்சா கெட்டோவுக்குள் ரகசியமாகச் சேகரிக்கப்பட்டு, தகரப் பெட்டிகளிலும் பால் கேன்களிலும் புதைத்து வைக்கப்பட்ட, வரலாற்றாசிரியர் ரிங்கெல்ப்ளூமின் பெயரால் அறியப்படும் ஆவணங்களைக் காப்பது இந்த நிறுவனம்தான். பாட்டியின் ஊர், கன்னிப்பெயர், தோராயமான பிறந்த வருடம், இவ்வளவு தெரிந்தால் போதும், வம்சாவளி தேடும் பிரிவினர் பழைய பதிவேடுகளைப் புரட்டத் தொடங்கிவிடுவார்கள்.

அடுத்தது கற்றுக்கொள்வது. இந்த இடம் எனக்கு மிகவும் பிடிக்கும். நாற்பது வயதுக்காரர் ஹீப்ரு எழுத்துக் கூட்டிப் படிக்கிறார். வெள்ளி மாலை மெழுகுவத்தி ஏற்றும்போது என்ன சொல்ல வேண்டும் என்று சீட்டில் எழுதி வைத்துப் பார்த்துச் சொல்கிறார். வீட்டில் பார்த்து வளர்ந்திருந்தால் இதெல்லாம் கற்றுத்தராமலே வந்திருக்கும். அது அறுந்துபோனதால், பிள்ளை பள்ளியில் படித்து வந்து அப்பா அம்மாவுக்குச் சொல்லித் தருகிற வீடுகளும் உண்டு.

அம்மா யூதர் இல்லையென்றால் ஏற்றுக்கொள்வார்களா?

பெரிய சிக்கலே இதில்தான். யூத மதச் சட்டப்படி, தாய் யூதராக இருந்தால் பிள்ளை யூதர். இல்லையென்றால் முறைப்படி மதம் மாற வேண்டும். அதற்கு ஒரு வருடமோ அதற்கு மேலோ படிப்பும் ஒழுகலும் உண்டு. கடைசியில் மூன்று பேர் கொண்ட ரபி மன்றம், சடங்கு முழுக்கு, ஆண்களுக்கு விருத்தசேதனம்.

போலந்தில் கலப்புத் திருமணங்கள்தான் அதிகம். "அப்பாவின் அப்பா யூதர்" என்று வருபவர்களே நிறைய. அப்பாவின் அப்பா ஆஷ்விட்ஸில் இறந்தார், ஆனாலும் நான் யூதர் இல்லையா என்று ஒருவர் கேட்டால் என்ன பதில் சொல்வது? இஸ்ரேலில் குடியேறும் உரிமைக்கு, தாத்தா பாட்டி நால்வரில் ஒருவர் யூதராக இருந்தால் போதும். போலந்திலுள்ள யூத சமூக மையங்களும் அதே அளவுகோலைத்தான் வைத்திருக்கின்றன: ஒருவர் போதும், உள்ளே வாருங்கள். ஜெப ஆலயத்துக்குள் மட்டும் சட்டம் சட்டம்தான்.

அங்கே ஒரு கணக்கும் இருக்கிறது. சில முக்கியமான ஜெபங்களைச் சொல்ல, மரபுவழி முறையில் பதின்மூன்று வயது தாண்டிய ஆண்கள் பத்துப் பேர் வேண்டும். மினியான் என்பார்கள். இறந்தவர்களுக்காகச் சொல்லும் கத்தீஷ் ஜெபமும் அதில் ஒன்று. ஒரு காலத்தில் ஆயிரக்கணக்கான யூதர்கள் இருந்த ஊர்களில், இன்று இறந்தவர்களுக்கு ஜெபம் சொல்லப் பத்து ஆண்கள் சேருவதில்லை. அதனால், வாசலில் வந்து நிற்கும் ஒருவரை ஏற்பதா, காக்க வைப்பதா என்பது வெறும் சட்ட விவாதமாக முடிவதில்லை. ஆண் பெண் வேறுபாடு பார்க்காமல் எண்ணும் சீர்திருத்தக் குழுக்களும் வார்சாவில் 2000 வாக்கில் தோன்றின. மரபுவழியினருக்கும் அவர்களுக்கும் இடையே உரசல் இல்லாமல் இல்லை. இரண்டும் இருப்பது நல்லது என்பது என் எண்ணம்.

யூத வாழ்க்கையின் இந்த மறுகட்டுமானத்தைத் தொடங்கியது யார்?

வெளிநாட்டுப் பணம் வந்துதான் தொடங்கியது என்று பலர் நினைக்கிறார்கள். அதற்கு முன்பே உள்ளூர்க்காரர்கள் ஆரம்பித்துவிட்டார்கள்.

1979ல் அமெரிக்க உளவியலாளர் கார்ல் ராஜர்ஸ் போலந்து வந்து ஒரு பட்டறை நடத்தினார். அங்கே பேசிக்கொண்டிருந்தபோது, தங்களில் பலர் யூதப் பின்னணி கொண்டவர்கள் என்பது சில இளைஞர்களுக்குத் தெரியவந்தது. அதுவரை ஆளுக்கு ஆள் தனியாகச் சுமந்துகொண்டிருந்த விஷயம். அதன் பிறகு வார்சாவில் வீடு வீடாக மாறி மாறிக் கூடினார்கள், ஒவ்வொரு தடவையும் ஒரு தலைப்பு, ஒருவர் பேசுவார். "யூதப் பறக்கும் பல்கலைக்கழகம்" என்று பெயர் வைத்தார்கள். பத்திரிகையாளர் கான்ஸ்டன்டி கெபெர்ட்டும், கணிதமும் தத்துவமும் படித்த ஸ்டனிஸ்வாஃப் கிராயெவ்ஸ்கியும் அந்தக் கூட்டத்தைச் சேர்ந்தவர்கள். 1981 டிசம்பரில் ராணுவச் சட்டம் வந்ததும் அது நின்றது. ஆனால் பின்னால் வந்த பள்ளி, பத்திரிகை, சமூக அமைப்பு எதை எடுத்தாலும் அந்த வீட்டுக் கூட்டங்களுக்கு வந்தவர் யாராவது ஒருவர் அதில் இருந்தார். 1997ல் கெபெர்ட் தொடங்கிய மித்ராஷ் பத்திரிகை ஓர் உதாரணம்.

அமெரிக்கத் தொழிலதிபர் ரொனால்ட் லாடர் 1987ல் ஆரம்பித்த அறக்கட்டளை கோடை முகாம்கள் நடத்தியது. 1990களின் முகாம்களுக்குத் தாத்தா முதல் பேரன் வரை வந்தார்கள். மூன்று தலைமுறையும் ஒரே பாடத்தை முதல் தடவையாகக் கற்றார்கள். 1994ல் வார்சாவில் லாடர் பள்ளி துவங்கியது. அந்த அறக்கட்டளையின் பணிக்காக 1990ல் வந்த அமெரிக்க ரபி மைக்கேல் ஷூட்ரிக், 2004 முதல் போலந்தின் தலைமை ரபி.

செலவுக்குப் பணம் எங்கிருந்து வருகிறது?

வெளிநாட்டு நன்கொடை, திரும்பக் கிடைத்த சொத்துகளின் வாடகை, கொஞ்சம் அரசு மானியம். அமெரிக்காவின் ஜாயின்ட் என்ற பழைய நிவாரண அமைப்பு 1981லிருந்து மறுபடி அங்கே வேலை செய்கிறது. முதியோர் மருந்துச் செலவு முதல் குடும்ப முகாம் வரை அதன் கை இருக்கிறது.

பறிபோன சொத்துகள் திரும்பக் கிடைத்தனவா?

பொதுச் சொத்துகள் ஓரளவு கிடைத்தன. 1997ல் வந்த ஒரு சட்டம், ஜெப ஆலயம், கல்லறை, பள்ளிக்கூடம், மருத்துவமனை போன்ற சமூகச் சொத்துகளைக் கேட்டு விண்ணப்பிக்க 2002 மே வரை அவகாசம் தந்தது. சுமார் 5,500 விண்ணப்பங்கள் போயின. லூப்ளினில் 1930ல் திறந்த புகழ்பெற்ற வேதபாடசாலைக் கட்டிடம், போருக்குப் பிறகு மருத்துவக் கல்லூரியாக இருந்தது. அது 2003ல் திரும்பி வந்து, 2007ல் அதன் ஜெப ஆலயம் மீண்டும் திறந்தது. தனியாரின் வீடு வாசலுக்கோ முழுமையான சட்டம் எதுவும் வரவில்லை.

திரும்பக் கிடைத்ததால் சமூகம் பணக்காரச் சமூகம் ஆகிவிட்டது என்று நினைக்க வேண்டாம். போலந்தில் 1,200 யூதக் கல்லறைகளுக்கு மேல் இருக்கின்றன. யூத முறைப்படி கல்லறை நிலத்தை விற்கக் கூடாது, எலும்பைத் தோண்டக் கூடாது. அதாவது ஒவ்வொரு கல்லறையும் வேலி போட வேண்டிய, புதர் வெட்ட வேண்டிய நிரந்தரச் செலவு. சில ஆயிரம் பேர், பல லட்சம் பேரின் கல்லறைகளைப் பார்த்துக்கொள்ள வேண்டும்.

கல்லறைக் கற்களுக்கு நேர்ந்ததையும் சொல்ல வேண்டும். நாஜிகள் அவற்றைப் பெயர்த்துச் சாலை போட்டார்கள். போருக்குப் பிறகும் ஊர்க்காரர்கள் எடுத்துப்போனார்கள். சில கற்களை வட்டமாக வெட்டிச் சாணைக்கல் ஆக்கினார்கள். கத்தி தீட்டத் தீட்டத் தேய்ந்துபோன அந்தச் சக்கரத்தின் பக்கவாட்டில், யாரோ ஒருவரின் பெயரில் பாதி ஹீப்ரு எழுத்தில் இன்னும் வாசிக்கலாம். இப்போது ஊர்களில் இளைஞர்கள், பெரும்பாலும் யூதர் அல்லாதவர்கள், இவற்றைத் தேடி எடுத்துக் கல்லறைக்கே கொண்டுவந்து சேர்க்கிறார்கள்.

கிராக்கவில் நடப்பது வெறும் சுற்றுலா வியாபாரம்தானே?

ஒரு பகுதி அப்படித்தான். தெற்குப் போலந்து நகரமான கிராக்கவில், காஜிமியெஷ் என்ற பழைய யூத வட்டாரத்தில் ஹீப்ரு போலத் தோன்றும் எழுத்தில் பலகை போட்ட உணவகங்கள் உண்டு, சமைப்பவர், இசை வாசிப்பவர், சாப்பிடுபவர் யாரும் யூதர் இல்லை. 1988ல் துவங்கிய யூதக் கலாசார விழாவைத் தொடங்கியவர்களும் யூதர் அல்லாத போலந்துக்காரர்களே. ஆனால் அவர்களைக் கேலி செய்ய எனக்கு மனம் வராது. யாரும் திரும்பிப் பார்க்காத காலத்தில், பாழடைந்த ஆலயத்துக்குள் பாட்டுச் சத்தம் கேட்கச் செய்தவர்கள் அவர்கள்.

அதே வட்டாரத்தில் 2008ல் யூத சமூக மையம் திறந்தது. இன்று இங்கிலாந்து மன்னராக இருக்கும் சார்லஸ், இளவரசராக இருந்தபோது கிராக்கவ் வந்து முதியவர்களைச் சந்தித்து, உங்களுக்குக் கூடி உட்கார ஓர் இடம் வேண்டும் என்று முயற்சி எடுத்ததில் உருவானது அது. தன்னார்வலர்களில் பெரும்பாலோர் யூதர் அல்லாத மாணவர்கள். 2022ல் உக்ரைன் போர் தொடங்கியதும், யூதரா இல்லையா என்று பார்க்காமல் அகதிகளுக்கு அரிசி, டயப்பர், படுக்கை கொடுத்தது அந்த மையம்.

வார்சாவின் பெரிய அருங்காட்சியகம் எப்படி?

போலந்து யூதர்களின் வரலாற்றைச் சொல்லும் போலின் அருங்காட்சியகத்தின் கட்டிடம் 2013ல் திறந்தது, நிரந்தரக் கண்காட்சி 2014ல். ஆயிரம் வருட வரலாறு அங்கே இருக்கிறது. அழிவைப் பற்றி மட்டும் சொல்லாமல் வாழ்ந்த வாழ்க்கையைச் சொல்வதால் அது எனக்குப் பிடிக்கும். க்வோஜ்ஜியெட்ஸ் என்ற ஊரின் மரத்தாலான ஜெப ஆலயக் கூரையை, பழைய கைக்கருவிகளாலேயே மறுபடி செய்து, உள்முகட்டில் மிருகங்களும் பூக்களும் தீட்டியிருக்கிறார்கள். அண்ணாந்து பார்த்தபடி அரை மணி நேரம் நின்றேன்.

யூத வெறுப்பு இப்போது இல்லையா?

இருக்கிறது. பல வீடுகளிலும் கடைகளிலும் காசு எண்ணும் தாடிக்கார யூதரின் படம் தொங்கும், பணம் பெருகும் என்று நம்பிக்கை. சனிக்கிழமை படத்தைத் தலைகீழாகத் திருப்பினால் காசு கொட்டுமாம். மாட்டுகிறவர்களுக்கு அதில் தப்பு தெரிவதில்லை. தாத்தா கொல்லப்பட்ட நாட்டில் அந்தப் படத்துக்குக் கீழே நின்று ரொட்டி வாங்கும் யூதருக்கு எப்படி இருக்கும் என்று யோசித்துப் பாருங்கள்.

2013, 2014ல் கோஷர் என்ற யூத உணவு விதிப்படி விலங்குகளை அறுப்பதற்குத் தடை இருந்தது, 2014 டிசம்பரில் அரசியல் சாசன நீதிமன்றம் அதை நீக்கியது. 2018ல், நாஜிக் குற்றங்களுக்குப் போலந்து நாட்டைப் பொறுப்பாக்கிப் பேசினால் சிறை என்று ஒரு சட்டம் வந்தது, உலகமே எதிர்த்ததும் சில மாதங்களில் சிறைத்தண்டனையை எடுத்தார்கள். 2023 டிசம்பர் 12 அன்று நாடாளுமன்றக் கட்டிடத்தில் ஹனுக்கா என்ற யூதப் பண்டிகைக்காக ஏற்றியிருந்த விளக்கை, க்ஷெகோஷ் பிரவுன் என்ற தீவிர வலதுசாரி உறுப்பினர் தீயணைப்புக் கருவியால் அணைத்தார். அன்று மாலையே விளக்கை மறுபடி ஏற்றினார்கள்.

ஆனாலும் தெருவில் தலைத்தொப்பியோடு நடக்கும் யூதர்களை வார்சாவில் பார்க்கலாம். மேற்கு ஐரோப்பியத் தலைநகரங்களில் உள்ளதைப் போல ஜெப ஆலய வாசலில் ராணுவம் நிற்பதை நான் அங்கே பார்க்கவில்லை.

மற்ற முன்னாள் கம்யூனிச நாடுகளிலும் இப்படித்தானா?

ஒவ்வொன்றும் ஒரு விதம். ஹங்கேரியில் புடாபெஸ்ட் யூதர்களில் பெரும் பகுதியினர் உயிர்தப்பியதால் அங்கே சமூகம் பல மடங்கு பெரியது. ஜெர்மனிக்கு 1990களில் சோவியத் யூதர்கள் குடிபெயர்ந்தார்கள். போலந்துக்கு அப்படி யாரும் பெருவாரியாக வரவில்லை. இருப்பவர்களை வைத்தே கட்ட வேண்டியிருந்தது.

போனால் எதைப் பார்க்கலாம்? எப்படி நடந்துகொள்ள வேண்டும்?

வார்சாவில் ட்வார்டா தெருவிலுள்ள நோஜிக் ஜெப ஆலயம். 1902ல் திறந்தது. நாஜிகள் அதைக் குதிரை லாயமாக்கினார்கள். போருக்கு முன்பிருந்து இன்றும் வழிபாடு நடக்கும் ஒரே ஆலயம் அந்த நகரில் அதுதான். அப்புறம் ஒகொபோவா தெருக் கல்லறை, 1806லிருந்து இருக்கிறது, இன்றும் அடக்கம் நடக்கிறது.

விஸ்துலா ஆற்றுக்கு அக்கரையில் பிராகா வட்டாரத்துக்கும் போங்கள். குண்டுவீச்சில் தப்பிய பழைய கட்டிடங்கள் அங்கே நிற்கின்றன. வாசல் நிலையின் வலப்பக்கம், தோள் உயரத்தில் பாருங்கள். யூத வீடுகளில் தோல் சுருளில் எழுதிய வேத வரிகளை மெசூசா என்ற சிறு உறையில் போட்டு நிலையில் சாய்வாகப் பதிப்பார்கள். உறை போய்விட்டது. எத்தனையோ தடவை பெயின்ட் அடித்த பிறகும் விரல் நீளத்துக்கு ஒரு சாய்ந்த பள்ளம் சில நிலைகளில் தெரிகிறது. நான் ஒன்றில் விரல் வைத்துப் பார்த்திருக்கிறேன், ஆணித் துளைகள் இரண்டும் தட்டுப்பட்டன. அந்தப் பள்ளங்களை அச்செடுத்து வெண்கலத்தில் வார்த்துப் புது மெசூசா செய்கிறவர்கள் வார்சாவில் இருக்கிறார்கள். வாங்குகிறவர்கள் அதைத் தங்கள் வீட்டு நிலையில் பதிக்கிறார்கள்.

கிராக்கவில் வெள்ளி மாலை இருந்தால், சமூக மையத்தில் ஷபாத் என்ற வாராந்திர ஓய்வுநாளை வரவேற்கும் விருந்துக்கு முன்கூட்டியே எழுதிக் கேளுங்கள். முகாம்களைப் பார்த்த முதியவரும், போன வருடம்தான் தன் பாட்டியைப் பற்றித் தெரிந்துகொண்ட கல்லூரி மாணவியும் ஒரே மேசையில் இருப்பார்கள். ஆண்கள் தலையை மூடிக்கொள்ளுங்கள், தொப்பி அங்கேயே தருவார்கள். ரொட்டிக்கு ஜெபம் சொல்லும்வரை சாப்பிடத் தொடங்காதீர்கள். பொழுது சாய்வதற்குள் படம் எடுத்து முடித்துவிடுங்கள், ஷபாத் தொடங்கிவிட்டால் கேமராவும் போனும் பையில்தான். யாரிடமும் "நீங்கள் எப்படித் தப்பித்தீர்கள்?" என்று ஆரம்பிக்காதீர்கள். பக்கத்தில் உட்கார்ந்திருப்பவரிடம் சூப் நன்றாக இருக்கிறதா என்று கேளுங்கள்.